பாத்தாச்சு மாப்ளே

ஜன்னலோரம் நீங்களே உக்காந்துக்குங்க. எனக்கு வேண்டாமுங்க. காரவள்ளி தாண்டி மலை ஏற ஆரம்பிச்சா நான் வெளிய பாக்குறதில்ல. தலை சுத்துற ஆளெல்லாம் இல்ல. எழுபது வளைவு, ஒவ்வொண்ணுக்கும் நம்பர் எழுதி நட்டு வெச்சிருக்காங்க. அதுல ஒரு நம்பரைப் பாக்க வேண்டாம்னு வெச்சிருக்கேன். அவ்வளவுதான்.

செம்மேடு வரைக்குமா? நல்லதுங்க. நானும் அங்கதான், மச்சினன் வீட்டுக்கு. என் சம்சாரமும் அங்கதான் இருக்கா. ஒம்பது மாசமாச்சு. உடம்புக்கெல்லாம் ஒண்ணுமில்லீங்க. ஒரு மெக்கானிக் வாயால என் குடும்பம் மலைக்கு மேல பாதி, கீழ பாதின்னு கெடக்குது. வெளிய சொன்னா சிரிப்பாங்க. நீங்க யாரோ, நான் யாரோ. உங்ககிட்டச் சொல்றதுக்கென்ன.

என் பேரு சென்னியப்பன். ராசிபுரம். எடை அளவு ஆபீஸ்ல இருந்து ரிட்டையர் ஆனவன். கடைக்குக் கடை போயி தராசைப் பாத்து, எடைக்கல்லைப் பாத்து முத்திரை வெக்கிற வேலைங்க. முப்பத்தோரு வருசம். அஞ்சு கிராம் கொறைஞ்சாலும் சென்னியப்பன் விடமாட்டான்னு பேரு. எதுக்குச் சொல்றேன்னா, நான் ஏனோதானோன்னு இருக்கிற ஆள் இல்லீங்க. நான் வெச்சிருந்த காரைக் கேட்டா அதுவே சொல்லும். வெள்ளை டீசல் வண்டி. பதினோரு வருசம். ஞாயித்துக்கெழமை ஆச்சுன்னா வாசல்ல நிறுத்தி நானே கழுவுவேன். என்னிக்கு ஆயில் மாத்துனது, என்னிக்கு டயரை மாத்திப் போட்டது, எல்லாம் ஒரு நோட்டுல தேதி போட்டு எழுதி வெச்சிருப்பேன். ஜமால் பாய் பாத்துட்டுச் சொல்லுவாரு, "சார், உங்களாட்டம் வண்டி வெச்சிருந்தா எனக்குப் பொழப்பே இல்ல"ன்னு.

ஜமால் பாய்தாங்க நான் சொன்ன மெக்கானிக். ஆத்தூர் ரோட்டுல ஷெட்டு. நல்ல மனுசன்தான். வேலை சுத்தம். வாய்தான்.

போன வருசம் பங்குனியில வண்டியச் சர்வீசுக்கு விட்டிருந்தனுங்க. பாய் கூப்பிட்டு விட்டாரு. போனா, பானெட்டைத் தூக்கி வெச்சு, ஓரத்துல ஒரு பிளாஸ்டிக் மூடியக் கழட்டி டார்ச் அடிக்கிறாரு.

"இங்க பாருங்க சார். டைமிங் பெல்ட். இன்ஜின்ல மேல ஒரு தண்டு சுத்துது, கீழ ஒரு தண்டு சுத்துது. ரெண்டையும் ஒண்ணோட ஒண்ணு மோதாம கணக்கா சுத்த வெக்கிறது இந்த ரப்பர் பட்டைதான். லட்சம் கிலோமீட்டர்ல மாத்திடணும். நீங்க ஒரு லட்சத்துப் பதினெட்டாயிரம் ஓட்டிட்டீங்க. வெடிப்பு வுட்டிருக்கு பாருங்க, பல்லுக்கு நடுவால."

பாத்தனுங்க. மயிரிழை மாதிரி கீறல். நகத்தை வெச்சு அமுக்குனா வாயைத் தொறக்குது.

"சத்தம் ஒண்ணும் வரலையே பாய்?"

"வராது சார். அதான் இதுல இருக்குற ஆபத்து. பிரேக் தேஞ்சா கிரீச்சுங்கும், பேரிங் போனா உறுமும். இது ஒண்ணுமே சொல்லாது. நேத்து வரைக்கும் ஓடுன மாதிரியே ஓடும். ஒரு நிமிசத்துல அறுந்துரும். வால்வும் பிஸ்டனும் மோதி இன்ஜின் அங்கியே செத்துரும். ஸ்டியரிங் இறுகிப் போயிரும். பிரேக்குக்கு ஒத்தாசை பண்ற பம்பும் நின்னுரும், ரெண்டு மிதி மிதிக்கலாம், அப்புறம் கல்லு மாதிரி ஆயிரும். நேர் ரோட்டுல ஆச்சுன்னா ஓரங்கட்டிரலாம். எறக்கத்துல ஆச்சுன்னா..." பாய் டார்ச்சை அணைச்சாரு. மூடிய எடுத்து மாட்டிட்டாரு. "அரை நாள் வேலைதான் சார். நாளைக்கே முடிச்சுத் தர்றேன்."

யோசிச்சுச் சொல்றேன்னு வண்டிய எடுத்துட்டு வந்துட்டேன்.

தப்புங்களா? நல்லா ஓடிட்டிருக்குற இன்ஜினைப் பிரிக்கிறதுன்னா மனசு வருமா? பிரிச்ச இன்ஜின் பழையபடி வராதுன்னு ஊர்ல நாலு பேரு சொல்லுவாங்க. மெக்கானிக்குன்னா பயமுறுத்தத்தான் செய்வாங்க. ஆனா ஒண்ணு, அன்னிக்கு வீட்டுக்கு வர்ற வழியில ஒரு மேட்டுல இருந்து வண்டி எறங்குறப்போ என் கால் பிரேக்க விட்டு எந்திரிக்கவே இல்ல. பதினோரு வருசம் பழகின வண்டி, அன்னிக்கு யாரோ அந்நியன் பக்கத்துல உக்காந்திருக்கிற மாதிரி இருந்துச்சு. சரி, இனி இதை வெச்சிருக்க வேண்டாம், குடுத்துரலாம்னு முடிவு பண்ணிட்டேன்.

மச்சினனுக்குக் குடுக்கணும்னு நான் கனவுலயும் நினைக்கலீங்க. அத நீங்க நம்பணும். நாமக்கல்ல வண்டி புரோக்கர் ஒருத்தன் இருக்கான், அவன்கிட்டத் தள்ளிடலாம்னு இருந்தேன். யாரோ எவரோ வாங்கிட்டுப் போயிருப்பான். நமக்கும் அதுக்கும் அதோட முடிஞ்சிருக்கும். என் சம்சாரம் பூங்கொடிதான் நடுவுல வந்தா.

"ஏனுங்க, வெளிய எதுக்குக் குடுக்குறீங்க? நம்ம செழியனுக்குக் குடுங்க. மலையில அவன் வண்டி இல்லாம படுறபாடு உங்களுக்குத் தெரியாதா?"

செழியன் அவ தம்பி. மலைமேல பழங்குடிப் பிள்ளைங்க தங்கிப் படிக்கிற பள்ளிக்கூடத்துல வாத்தியார். பொண்டாட்டி செத்து ஆறு வருசமாச்சு, பிள்ளை கிடையாது. பள்ளிக்கூடப் பிள்ளைங்கதான் அவனுக்கு எல்லாம். ஒரு பிள்ளைக்குக் காய்ச்சல்னாலும் அவனே தூக்கிட்டு எறங்குவான். கெடைக்கிற ஜீப்பு, பால் வண்டி, எதுலயாவது ஏறிடுவான்.

"பழைய வண்டி. மலைக்கு ஆகாது"ன்னேன்.

"நீங்க வெச்சிருந்த வண்டி ஆகாதா? புதுசு மாதிரி இருக்குது"ன்னு சிரிச்சா.

அவ்வளவு பெருமையா ஒருத்தி சொல்றப்போ என்னன்னு மறுக்குறதுங்க?

வைகாசியில ஒரு வெள்ளிக்கெழமை செழியன் வந்தான். எலுமிச்சம்பழம், தேங்காய், சூடம் எல்லாம் வாங்கிட்டு வந்திருந்தான். வண்டிய மூணு சுத்துச் சுத்திப் பாத்துட்டு, "மாமா, எம்பேர்ல ஒரு வண்டி ஓடும்னு நான் நினைச்சதேயில்ல"ன்னான். நாப்பத்தாறு வயசு ஆளு, கண்ணு கலங்குது. நான் அந்தச் சர்வீஸ் நோட்டையும் எடுத்துக் குடுத்தேன். வாத்தியார் புத்தி, அங்கியே நின்னு பக்கம் பக்கமாப் பொரட்டுறான். கடைசிப் பக்கத்துல வந்து நிறுத்திட்டான்.

"மாமா, டைமிங் பெல்ட்னு எழுதி ஒரு டிக் அடிச்சிருக்கீங்களே. இது மலைக்கு முக்கியம்னு எங்க ஜீப் டிரைவர் சொல்லுவாரு. ஆயிருச்சுங்களா?"

"பாத்தாச்சு மாப்ளே."

நான் பொய் சொல்லல. கவனிங்க. மாத்தியாச்சுன்னு நான் சொல்லல. பாத்தாச்சுன்னு சொன்னேன். பாய் டார்ச் அடிச்சுக் காட்டுனாரு, நான் பாத்தேன், பாத்ததுக்கு டிக் அடிச்சேன். முப்பத்தோரு வருசம் சோதனை பண்ணின பழக்கம், பாத்தா டிக் அடிச்சிருவேன். அவன் அத மாத்துனதா எடுத்துக்கிட்டா நான் என்ன பண்றது? "அப்பச் சரி மாமா"ன்னு நோட்டை மூடிட்டு, எலுமிச்சம்பழத்தை டயருக்கு அடியில வெச்சு ஏத்தி எறக்கி, போயிட்டான். பூங்கொடி தெரு முக்கு திரும்புற வரைக்கும் கைய ஆட்டிட்டே நின்னா.

சாயங்காலமே போன் பண்ணிச் சொல்லிடணும்னு இருந்தேன். "வண்டி அருமையா ஏறுச்சு மாமா, எழுபது வளைவும் ஒரே மூச்சு"ன்னு அவனே கூப்பிட்டான். அவ்வளவு சந்தோசத்துல போயி என்னத்தைச் சொல்றது. அடுத்த வாரம் பாத்துக்கலாம்னு விட்டுட்டேன்.

அதுக்கப்புறம் எனக்கு ஒரு நோவு வந்துருச்சுங்க. போன் அடிச்சா செய்யிற வேலைய அப்படியே போட்டுட்டு ஓடி வருவேன். பூங்கொடி போனைக் காதுல வெச்சதும் நான் அவ மொகத்தையே பாப்பேன். அவ சிரிச்சாத்தான் எனக்கு மூச்சு வரும். சோறு எறங்கல. ஞாயித்துக்கெழமை ஆச்சுன்னா வாளிய எடுத்துட்டு வாசலுக்குப் போயிடுவேன், கழுவறதுக்கு வண்டி இருக்காது. பூங்கொடி பாத்துட்டு, "வண்டியக் குடுத்த ஏக்கம் உங்களுக்கு. வேணும்னா தம்பிய ஞாயித்துக்கெழமை ஓட்டிட்டு வரச் சொல்லட்டா?"ன்னு கேப்பா.

"வேண்டாம். வேண்டாம். அடிக்கடி எதுக்கு எறங்கணும்?"ன்னு கத்திப்புட்டேன் ஒருநாள். அவ பயந்து போயிட்டா.

ஆனியில ஒருநாள் மத்தியானம் ராசிபுரம் ஆஸ்பத்திரியில இருந்து செழியன் கூப்பிட்டான். ஓடுனோம். பள்ளிக்கூடத்துப் பொண்ணு ஒண்ணு, எட்டு வயசிருக்கும், பாம்பு கடிச்சிருச்சு. அவன் அந்தப் பிள்ளைய முன் சீட்டுல படுக்க வெச்சு, முக்கால் மணி நேரத்துல மலை எறங்கி வந்திருக்கான். பொழைச்சிருச்சுங்க. டாக்டர் செழியன் கையப் புடிச்சுக் குலுக்குறாரு. செழியன் என்னைக் காட்டுறான். "எங்க மாமா வண்டிங்க டாக்டர். அது இல்லேன்னா இன்னிக்கு இந்தப் புள்ள இல்ல." டாக்டர் எனக்கும் கையெடுத்துக் கும்புட்டாரு. நானும் கும்புட்டேன். வெளிய வந்து பாத்தா வண்டி வேப்பமரத்தடியில நிக்குது. பானெட்டுல கைய வெச்சேன், சுட்டுச்சு. உள்ள அந்தப் பட்டை கெடக்குது, வாயைத் தொறந்துட்டு.

அன்னிக்குச் சொல்லியிருக்கலாம்னு நீங்க நினைப்பீங்க. நானும் வாயைத் தொறந்தனுங்க. "மாப்ளே, ஒரு விசயம்"னேன். அதுக்குள்ள அந்தப் பிள்ளையோட அப்பன் ஓடி வந்து எங்க ரெண்டு பேர் கால்லயும் விழுந்துட்டான். எந்த மனுசன் அப்பப் போயி பெல்ட்டுன்னு பேசுவான்?

அந்த வாரத்துலயே டீக்கடையில ஜமால் பாய் என்னைப் புடிச்சுக்கிட்டாரு.

"சார், வண்டி மச்சினருக்குக் குடுத்துட்டீங்களாமே. மலைக்குப் போகுதாமே."

"ஆமா பாய்."

"பெல்ட்டு விசயம் சொல்லிட்டீங்களா?"

"சொல்லிட்டேன் பாய்."

"அப்புறம் ஏன் இன்னும் வண்டி ஷெட்டுக்கு வரல? கீழ எறங்கறப்ப விட்டாருன்னா அன்னிக்கே மாத்திடலாமே."

"சேந்தமங்கலத்துல தெரிஞ்ச ஆளு இருக்கானாம். அங்கியே மாத்திக்கிறானாம்."

பாய் டீயக் கீழ வெச்சுட்டு என்னையே பாத்தாரு. "மாத்திட்டாரான்னு ஒரு வார்த்தை கேட்டுக்குங்க சார். மலை எறக்கம்"னாரு. டீக்கடையில நாலு பேர் முன்னால ஒருத்தர் அப்படி நோண்டிக் கேட்டா எதையாவது சொல்லித்தானே ஆகணும்? அத ஒரு பொய்னு நான் எடுத்துக்கல.

அப்புறம் ஆடி வந்துச்சு. பதினெட்டாம் பெருக்குக்கு மலைமேல கூட்டம் தெரியுமில்லீங்க, கோயிலு, விழா, ஊரே திரண்டு ஏறும். செழியன் வந்து அக்காவக் கூட்டிட்டுப் போறேன்னு சொல்லிட்டான். வந்தான். என்னையும் கூப்பிட்டான். முட்டி வலின்னுட்டேன். அவங்க ஏறிப் போனப்ப எனக்கு அவ்வளவா பயமில்ல. நான் யோசிச்சு வெச்சிருந்தேன். ஏத்தத்துல அறுந்தா வண்டி நின்னுரும், கைப்பிரேக்கப் போட்டுட்டு கல்லை முட்டுக் குடுக்கலாம். எறக்கம்தான் ஆகாது. மூணு நாள் இருக்கு, அதுக்குள்ள எதாவது சொல்லி பஸ்ல வர வெச்சிரலாம்னு இருந்தேன்.

ஆடி பத்தொம்பது காலையில பூங்கொடி கூப்பிட்டா. ஒம்பதரை மணி இருக்கும்.

"ஏனுங்க, கெளம்பிட்டோம். தம்பிக்குப் பள்ளிக்கூடத்துல ஒரு வேலை இருக்காம், அத முடிச்சுட்டு எறங்குறோம், மத்தியானச் சாப்பாட்டுக்கு வந்துருவேன். பலாப்பழம் ஒண்ணு வாங்கியிருக்கேன்."

"பூங்கொடி, நீ பஸ்ல வாயேன்."

"பஸ்லயா? விழாக் கூட்டம், பஸ்ல கால் வெக்க எடமில்ல. வண்டி நிக்குறப்ப எதுக்குங்க பஸ்ஸு?"

"இல்ல... சும்மாதான்."

"சும்மான்னா?"

"ஒண்ணுமில்ல. பாத்து வாங்க."

வெச்சுட்டா.

சொல்லியிருந்தா என்ன ஆயிருக்கும்? பெல்ட்டுன்னு ஒரு வார்த்தை சொன்னா, எப்பத் தெரியும்னு கேப்பா. பங்குனியிலேயே தெரியும்னா, அப்புறம் எதுக்கு என் தம்பிக்குக் குடுத்தீங்கன்னு கேப்பா. பாம்பு கடிச்ச பிள்ளை வரைக்கும் போகும். ஒரு வார்த்தையோட நிக்காதுங்க அது. ரெண்டரை மாசமா தெனமும் ஓடுன வண்டி, இன்னொரு தடவை ஓடாதான்னு இருந்துச்சு. இருந்தாலும் மனசு கேக்கல, திருப்பிக் கூப்பிட்டேன். உடனே இல்லீங்க. போன்ல சார்ஜ் கம்மியா இருந்துச்சு, சொருகி வெச்சுட்டுக் குளிச்சுட்டு வந்து கூப்பிட்டேன். தொடர்பு எல்லைக்கு வெளியேன்னு வந்துச்சு. வளைவுக்குள்ள எறங்கிட்டா டவர் எடுக்காது.

பஸ் ஏறிக் காரவள்ளி வந்துட்டேன். செக்போஸ்ட் பக்கத்துல ஒரு கடை இருக்கு பாருங்க, இப்பத் தாண்டுனமே, அங்கதான் நின்னேன். மேல இருந்து வர்ற ஒவ்வொரு வண்டியாப் பாத்துட்டே நின்னேன். வேன் வந்துச்சு. ஜீப்பு வந்துச்சு. பைக்கு வந்துச்சு. ஒரு வெள்ளைக் கார் வந்துச்சு, அப்பாடான்னு ரோட்டுக்கே ஓடிட்டேன், அது வேற யாரோ. அதுக்கப்புறம் கொஞ்ச நேரத்துக்கு ஒண்ணுமே வரல. விழாவுக்கு மறுநாள், அத்தனை கூட்டம் மேல இருக்கு, கால் மணி நேரமா ஒரு வண்டி எறங்கல. கடைக்காரம்மா ரோட்டைப் பாத்துட்டு, "மேல என்னமோ ஆயிருச்சு போல"ன்னா.

அப்புறம் மேல இருந்து ஒரு பைக்குக்காரன் வந்தான். "ஒரு கார் மோதிக் கெடக்குது, ரோடு அடைச்சிருச்சு"ன்னான். என்ன கலர்னு நான் கேக்கல.

அவனைத் திரும்பச் சொல்லி, அவன் பைக்லயே ஏறிப் போனனுங்க. வண்டி பள்ளத்துப் பக்கம் போகல. செழியன் கெட்டிக்காரன். பிரேக் எறங்கல, ஸ்டியரிங் திரும்பலன்னதும், ரெண்டு கையாலயும் இழுத்து மலைப் பக்கமே சொருகிட்டான். தன் பக்கம் மோதற மாதிரி. அக்கா பக்கம் தப்பிக்கணும்னு. பூங்கொடி ரோட்டோரத்துல உக்காந்திருந்தா, தோள் எலும்பு ஒடிஞ்சு கை தொங்குது. என்னைப் பாத்ததும், "தம்பியப் பாருங்க, தம்பியப் பாருங்க"ன்னா. ரோடெல்லாம் பலாச்சுளை செதறிக் கெடக்குது.

செழியன் உள்ள மாட்டியிருந்தான். வலது கால் ரெண்டு தகரத்துக்கு நடுவுல. நெனவு இருந்துச்சு. நான் கிட்டப் போனதும் கையப் புடிச்சுக்கிட்டான்.

"மாமா, நான் வேகமா வரல மாமா. அக்காகிட்டக் கேட்டுப் பாருங்க. பிரேக் கல்லாயிருச்சு மாமா. உங்க வண்டியக் கெடுத்துட்டேன் மாமா. மன்னிச்சுக்குங்க."

"பரவாயில்ல மாப்ளே. வண்டி போனாப் போகுது, உடு"ன்னேன்.

நெஞ்சைத் தொட்டுச் சொல்றேன், அந்த நிமிசம் நான் வண்டியப் பத்தி நினைக்கவேயில்ல. மனசார மன்னிச்சுட்டேன்.

ரெண்டு மணி நேரம் ஆச்சு அவனை வெளிய எடுக்க. வலது காலை முட்டிக்குக் கீழ எடுத்துட்டாங்க.

ஒரு மாசம் சேலத்துல ஆஸ்பத்திரி. சொந்தக்காரங்க வர்றதும் போறதும். வர்றவங்க எல்லாம் ஒரே பேச்சுத்தான், மலையில வாத்தியார் பறந்திருப்பான், புது வண்டி மோகம்னு. செழியன் செவுத்தைப் பாத்துட்டுப் படுத்திருப்பான். எனக்கும் கஷ்டமாத்தான் இருந்துச்சு. "உடுங்க, யாருக்கும் நடக்குறதுதான்"னு நான்தான் எல்லார் வாயையும் அடைப்பேன். "மாமா மாதிரி மனுசன் கெடைக்கமாட்டாரு"ன்னு செழியன் நர்சம்மாகிட்டச் சொல்லியிருக்கான்.

அப்படியே போயிருக்கும். இந்த ஜமால் பாய் மட்டும் சும்மா இருந்திருந்தா.

வண்டியக் கிரேன்ல கொண்டு வந்து பாய் ஷெட்டுலதான் போட்டிருந்தாங்க. ஆவணி கடைசியில பூங்கொடி அதுல இருந்த தன் பையை எடுத்துட்டு வரலாம்னு போயிருக்கா. எங்கிட்டச் சொல்லல. பாய் அவளுக்கு நாற்காலி போட்டு உக்கார வெச்சு, அறுந்து போன அந்தப் பட்டையக் கையில குடுத்திருக்காரு. "பங்குனியில நான் சாருகிட்டக் காட்டுன அதே பெல்ட்டுமா. சேந்தமங்கலத்துல மாத்திக்கிறாங்கன்னு சார் சொன்னாரு. நான் நம்பிட்டேன். நானே மலைக்கு ஒரு போன் போட்டிருக்கணும். எனக்குத் தூக்கம் வரமாட்டேங்குது"ன்னு அழுதாராம். அவருக்குத் தூக்கம் வரலன்னா அதுக்கு என் குடும்பத்தைப் பிரிக்கணுமா? ஒரு பெரிய மனுசன் செய்யிற வேலையா இது? வண்டிதான் போச்சு, காலும் போச்சு. சொல்லி என்ன திரும்பி வரப்போகுது?

பூங்கொடி வீட்டுக்கு வந்தா. மத்தியானம். சாதம் வடிச்சு, ரசம் வெச்சு, எனக்குப் பரிமாறுனா. நான் சாப்பிட்டு முடிச்சேன். கை கழுவிட்டு வந்ததும் கேட்டா.

"நான் வண்டியில ஏறுறப்ப உங்களுக்குத் தெரியும், இல்லீங்க?"

நான் பொறுமையா எல்லாம் எடுத்துச் சொன்னனுங்க. லட்சங்கிறது ஒரு கணக்குத்தான், ஒண்ணரை லட்சம் ஓடுன பெல்ட்டெல்லாம் உண்டு, கம்பெனிக்காரன் முன்கூட்டியே சொல்லுவான், வெடிப்பு விட்டா அறுந்தே தீரும்னு சட்டமில்ல, இப்படி. அரை மணி நேரம் சொல்லியிருப்பேன். அவ அழல. கேட்டுட்டே துணிய மடிச்சு வெச்சா. அப்புறம் பையை எடுத்துட்டு வாசப்படியில நின்னு சொன்னா:

"தம்பிக்கு நான் சொல்லமாட்டேன். தன்னாலதான் இப்படி ஆச்சுன்னு அவன் நெனச்சுட்டிருக்கான். நீங்க வந்து உங்க வாயால சொல்லுங்க. சொன்ன அன்னிக்கு நான் உங்ககூட எறங்கி வர்றேன்."

அவ்வளவுதான். பஸ் ஏறிப் போயிட்டா.

அதுக்காகத்தாங்க போறேன். மாசத்துக்கு ரெண்டு தடவை, ஒம்பது மாசமா. சொல்லக் கூடாதுன்னெல்லாம் இல்ல. மொதல் தடவை போனப்ப அவனுக்குக் காய்ச்சல். அடுத்த தடவை பள்ளிக்கூடத்துப் பிள்ளைங்க வீடு நெறைய. ஒரு தடவை எல்லாம் தயார் பண்ணிட்டுப் போனேன், அன்னிக்கு அவனுக்குப் பொறந்தநாளு. பொறந்தநாளும் அதுவுமாவா சொல்றது? அவன் வேற, என்னைப் பாத்தா அதே பேச்சு.

"மாமா, அந்த வளைவுல நான் என்ன தப்புப் பண்ணேன்னு யோசிச்சு யோசிச்சுப் பாக்குறேன் மாமா. பிடிபட மாட்டேங்குது."

போன தடவை கேட்டப்ப, அவனுக்கு ஒரு ஆறுதலா இருக்கட்டுமேன்னு சொன்னேன். "மூணாவது கியர்ல வந்திருப்பே மாப்ளே. எறக்கத்துல ரெண்டாவதுதான் போடணும்."

"ரெண்டாவதுதான் போட்டிருந்தேன் மாமா."

"போட்டதா உனக்குத் தோணும். அக்காகூடப் பேசிட்டு வந்ததுல மாத்தியிருப்பே. யோசிச்சுப் பாரு."

எடது கைய நீட்டி, இல்லாத கியரை ரெண்டு மூணு தடவை போட்டுப் பாத்தான். அப்புறம் மெதுவாச் சொன்னான், "ஆமா மாமா. மூணாவதுதான் போல. இப்ப ஞாபகம் வருது." பாத்தீங்களா, மனுசனுக்கு ஒரு காரணம் கெடைச்சாப் போதும். அவன் மொகம் கொஞ்சம் தெளிஞ்ச மாதிரிதான் எனக்குப் பட்டுச்சு. ஆனா பூங்கொடி கரண்டியோட நிலைப்படியில நின்னுட்டிருந்தா, எல்லாத்தையும் கேட்டுட்டா. எனக்குப் பாதி போட்டிருந்த சோத்தோட அப்படியே உள்ள போயிட்டா. எப்பவும் பஸ் ஏத்திவிட வருவா, அன்னிக்கு வரல. பொம்பளைங்களுக்கு எதுல கோவம் வரும்னு யாருக்குத் தெரியும்.

இன்னிக்குச் சொல்லிருவேன். சாப்பாடு முடிஞ்சதும் சொல்லிரலாம்னு இருக்கேன். கீழ இருந்து அதையேதான் மனசுக்குள்ள சொல்லிப் பாத்துட்டு வந்தேன், உங்ககிட்ட இப்பச் சொன்ன மாதிரி ஒண்ணுவிடாம. உங்ககிட்டச் சொல்ல முடிஞ்சுதல்ல? அப்ப அவன்கிட்டயும் முடியும்.

தோ, செம்மேடு வந்துருச்சு. நல்ல தூறல். பையை எடுத்துக்குங்க.

பஸ் ஸ்டாண்டு கொட்டாய்க்கு வெளிய ஒருத்தன் நிக்கிறான் பாருங்க. கக்கத்துல கட்டை, கையில கொடை. அவன்தான் செழியன். வேண்டாம்னாலும் கேக்கமாட்டான், ஒவ்வொரு தடவையும் என்னைக் கூட்டிட்டுப் போறதுக்கு இவ்வளவு தூரம் நடந்து வந்துருவான். பூங்கொடி வரலீங்க.

உங்களைப் பாத்தா பேச்சுக் குடுப்பான், யாரை விட்டான். ரெண்டு மணி நேரம் மாமாகூட என்ன பேசிட்டு வந்தீங்கன்னு கேப்பான். நீங்க மழையப் பத்திப் பேசுனோம்னு சொல்லிடுங்க. சரிங்களா? மழையப் பத்தி.

இதோ வந்துட்டேன் மாப்ளே! எதுக்கு இந்தக் காலோட ஈரத்துல நிக்கிறே?